டாம் ஃபோகர்ட்டிக்காகக் கொஞ்சம் பேச வேண்டும்

கிரீடன்ஸ் கிளியர்வாட்டர் ரிவைவல் என்ற அமெரிக்க ராக் குழுவைச் சொன்னதும் ஜான் ஃபோகர்ட்டியின் குரல்தான் எல்லாருக்கும் நினைவுக்கு வரும். பெரும்பாலான பாட்டுகளை எழுதியது, பாடியது, லீட் கிட்டார் வாசித்தது எல்லாம் அவர்தான். அதில் எனக்கு மறுபேச்சே இல்லை. ஆனால் அதே குழுவில் இருந்த அவருடைய அண்ணன் டாமை, தம்பியின் புகழைப் பொறுக்காமல் விலகிப் போனவர் என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். அதை என்னால் ஏற்கவே முடியவில்லை.

முதலில் பாடகரே டாம்தான். கலிபோர்னியாவில் எல் செரிட்டோ என்ற ஊரில் ஜானும் பள்ளித் தோழர்கள் இருவரும் வாசித்துக்கொண்டிருந்தார்கள். மூத்தவரான டாம் அவர்களோடு சேர்ந்து பாட, இசைத்தட்டே ‘டாமி ஃபோகர்ட்டி அண்ட் த புளூ வெல்வெட்ஸ்’ என்று அவர் பெயரில் வந்தது. அப்புறம் தம்பியின் குரல் முதிர்ந்தது. தனக்கும் பாட வரும், ஆனால் ஜானின் குரலில் இருந்தது வேறு என்று டாமே ஒப்புக்கொண்டிருக்கிறார். மைக்கைத் தம்பியிடம் விட்டுவிட்டு ரிதம் கிட்டாரோடு நின்றுகொண்டார். பேர் போட்ட இடத்திலிருந்து தானாக இறங்குவதற்கு எவ்வளவு பெரிய மனசு வேண்டும்!

அதே நால்வரும் கிரீடன்ஸ் என்ற பெயரில் 1968இல் போட்ட முதல் ஆல்பத்தில் ‘சூசி க்யூ’வை ஹெட்ஃபோன் போட்டுக் கேளுங்கள். எட்டு நிமிடத்துக்கு மேல் ஓடும் பாட்டு. ஜானின் கிட்டார் இஷ்டத்துக்கு அலைகிறது. அடியில் டாமின் கிட்டார் அசராமல் அதே தாளத்தைப் பிடித்திருக்கிறது. அந்தப் பிடி இருப்பதால்தான் தம்பியால் அப்படி அலைய முடிகிறது.

1969இல் மட்டும் மூன்று ஆல்பங்கள். எல்லா முடிவும் ஜானுடையது. டாம் கேட்டது தன் பாட்டுக்கும் கொஞ்சம் இடம், அவ்வளவுதான். கிடைக்கவில்லை. 1971 தொடக்கத்தில் விலகினார். மீதி மூவரும் இன்னொரு ஆல்பம் போட்டார்கள், 1972இல் குழுவே கலைந்துவிட்டது. டாம் தனியாகப் போட்ட ஆல்பங்கள் பெரிதாகப் போகவில்லை. அவற்றில் ‘எக்ஸ்காலிபர்’ எனக்கு ரொம்பப் பிடிக்கும். கிரேட்ஃபுல் டெட் குழுவின் ஜெர்ரி கார்சியா அதில் கிட்டார் வாசித்திருப்பார்.

பின்னாளில், குழுவின் ஆல்பங்களை வெளியிட்ட ஃபேன்டஸி ரெக்கார்ட்ஸோடு ஜானுக்கு நடந்த சண்டையில் டாம் கம்பெனி பக்கம் நின்றார். அது ஜானை எவ்வளவு காயப்படுத்தியிருக்கும் என்று புரிகிறது. அண்ணன் செய்ததெல்லாம் சரி என்று நான் வாதாட வரவில்லை. ஆனால் 1990இல், அறுவைச் சிகிச்சையின்போது ஏற்றிய ரத்தத்தால் எய்ட்ஸ் வந்து, 48 வயதில் டாம் இறந்தார். அதுவரை இருவருக்கும் மனசு ஒட்டவே இல்லை.

1993இல் ராக் அண்ட் ரோல் ஹால் ஆஃப் ஃபேம் குழுவைக் கௌரவித்தது. டாமின் மனைவி அவருடைய அஸ்தியோடு வந்திருந்தார். ஜான் பழைய தோழர்கள் இருவரையும் மேடையில் சேர்த்துக்கொள்ளாமல் வேறு கலைஞர்களோடு வாசித்தார். ஜானின் குரலை இன்றும் உயிராக நேசிக்கிறேன். ஆனால் அன்று டாமுக்காகவாவது அந்த மூவரும் ஒரே ஒரு பாட்டைச் சேர்ந்து வாசித்திருக்க வேண்டும்.