ஓப்பன்கட்லிஸ்ட் கிச்சனை வரையாது

"ஸ்கெட்ச்அப் இலவசப் பதிப்பில் ஓப்பன்கட்லிஸ்ட் போட்டால் போதும், மாடுலர் கிச்சனை அதுவே வரைந்து தரும்" என்று எழுதியிருக்கிறீர்கள். ஸ்கெட்ச்அப் கணினியில் முப்பரிமாணப் படம் வரையும் மென்பொருள்; ஓப்பன்கட்லிஸ்ட் அதில் சேர்க்கும் பிளகின், அதாவது துணை மென்பொருள். ஓப்பன்கட்லிஸ்ட் இலவசம் என்பது சரி. இலவசப் பதிப்பில் ஓடும், கிச்சனை வரையும் என்ற மற்ற இரண்டும் தவறு.

பிரவுசரில் ஓடும் இலவசப் பதிப்பில் எந்த பிளகினும் ஏறாது. அதற்கு டெஸ்க்டாப் பதிப்பு வேண்டும். ஸ்கெட்ச்அப் மேக் (Make) 2017 என்ற பழைய இலவச டெஸ்க்டாப் பதிப்பு இருக்கிறதே என்பீர்கள். அதைத் தொழிலுக்குப் பயன்படுத்த உரிமம் கிடையாது.

அப்புறம், ஓப்பன்கட்லிஸ்ட் கேபினெட் வரையும் கருவியே அல்ல. நாம் வரைந்ததை எண்ணி, பலகைப் பட்டியலும் வெட்டும் படமும் தரும். ரம்பம் தின்னும் தடிமன், பலகை ஓரத்தில் ஒட்டும் பட்டை (எட்ஜ் பேண்ட்) எல்லாம் கணக்கில் வரும். அந்த வேலையில் அதைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் ஒவ்வொரு பலகையும் தனி காம்பொனென்ட்டாக, அதாவது ஸ்கெட்ச்அப்பில் தனிப் பொருளாகச் சேர்த்த துண்டாக, இருக்க வேண்டும்.

நானே மாட்டிக்கொண்ட இடம் ஒன்று. 600 மி.மீ. அகல பேஸ் யூனிட்டை (தரையில் நிற்கும் கீழ் அலமாரி) ஸ்கேல் கருவியால் 900க்கு இழுத்தேன். பக்கப் பலகையின் 18 மி.மீ. தடிமனும் சேர்ந்து நீண்டு, பட்டியலில் 27 என்று வந்தது. அடிப்பலகை, 900-இல் இரு பக்கப் பலகைகளின் 18 போக, 864 வர வேண்டிய இடத்தில் 846. நல்லவேளை, பிளைவுட்டில் ரம்பம் வைக்கும் முன் ஆசாரி பார்த்துவிட்டார்.

அளவை மாற்றினாலும் தடிமன் மாறாமல் இருக்க டைனமிக் காம்பொனென்ட்டோ (அளவு விதிகளை உள்ளே எழுதி வைக்கும் காம்பொனென்ட்), கேபினெட்டுக்கென்றே உள்ள பிளகினோ வேண்டும். மாதம் ஒரு கிச்சன் என்றால் முதலாவதே போதும். வாரம் மூன்று என்றால் இரண்டாவதற்குக் காசு கொடுக்கலாம், ஆனால் சோதனைப் பதிப்பில் ஒரு மூலை யூனிட்டை வரைந்து பார்த்துவிட்டு.