பன்னென்பர்க் உண்மையில் வாதிட்டது என்ன?
கடவுளின் வெளிப்பாட்டை விசுவாசக் கண்ணால் மட்டுமே அறியலாம், வரலாற்று ஆய்வுக்கு அங்கே வேலையில்லை என்று ஜெர்மானிய லூத்தரன் இறையியலாளர் வோல்ஃப்ஹார்ட் பன்னென்பர்க் எழுதியதாக ஒரு கருத்து பகிரப்பட்டுள்ளது. பணிவுடன் சொல்கிறேன், அவருடைய நிலைப்பாடு இதற்கு நேர்மாறானது. 1961-இல் அவரும் சக ஆய்வாளர்களும் வெளியிட்ட 'வரலாறாக வெளிப்பாடு' நூலில், அவர் முன்வைத்த ஏழு கருத்துரைகளுள் மூன்றாவது, வரலாற்றில் நிகழும் வெளிப்பாடு காணக் கண்ணுள்ள எவருக்கும் திறந்திருக்கிறது என்றே கூறுகிறது. 1964-இல் வந்த கிறிஸ்தியல் (கிறிஸ்து யார் என்பதை ஆராயும் இறையியல் பிரிவு) நூலிலோ, இயேசுவின் உயிர்த்தெழுதலையே வரலாற்று ஆய்வுக்கு உட்பட்ட கேள்வியாக எடுத்துக்கொள்கிறார். விசுவாசம் வரலாற்று ஆய்வைச் சார்ந்ததல்ல என்று கருதிய ஜெர்மானிய இறையியலாளர் ருடால்ஃப் புல்ட்மானிடமிருந்து அவர் துணிந்து விலகும் இடமும் இதுதான். இரண்டு நூல்களும் ஆங்கிலத்தில் கிடைக்கின்றன. இறையியல் கல்லூரி நூலகம் ஏதேனும் ஒன்றில் முதல் நூலைக் கேட்டு வாங்கி, அந்த மூன்றாம் கருத்துரையையும் அதற்கு அவர் தரும் விளக்கத்தையும் படித்தாலே எவரும் இதைச் சரிபார்த்துக்கொள்ளலாம்.