நாலு வேலை பார்த்தவர்தான் படத்தை முடிப்பார்

மதுரைப் பக்கம் சினிமா ஆசை உள்ள பையனிடம் கேட்டால், உதவி இயக்குநர் ஆகணும் என்பான், இல்லாவிட்டால் நடிக்கணும் என்பான். தயாரிப்பு என்றாலே நிலத்தை விற்றுப் பணம் போடுகிறவர் வேலை என்று நினைத்துவிடுகிறோம். பணம் போடுவது ஃபைனான்ஸ். சொன்ன நாளில், சொன்ன செலவில் படத்தை முடித்துக் கொடுப்பதுதான் தயாரிப்பு. அதற்கான ஆட்கள் இந்த ஊர் பந்தல் காண்ட்ராக்டிலும், டிராவல்ஸிலும், ஆடிட்டர் ஆபீஸிலும், பத்திர எழுத்தர் மேஜைக்குப் பக்கத்திலும் இருக்கிறார்கள். "நாலு வேலை மாறினவன் எதிலும் நிலைக்க மாட்டான்" என்று வீட்டில் திட்டு வாங்கியவர்களுக்குத்தான் இந்தத் தொழில் பொருந்தும் என்று உறுதியாகச் சொல்வேன்.

பழைய தயாரிப்பாளர்களைப் பாருங்கள். ஏவி.மெய்யப்பன் இசைத்தட்டு விற்றவர். காரைக்குடியில் ஸ்டூடியோ போட்டு 1947-ல் 'நாம் இருவர்' கொடுத்தார். சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸ் நடத்திய டி.ஆர்.சுந்தரம் படித்தது ஜவுளித் தொழில்நுட்பம். சின்னப்பா தேவர் மில் வேலை, பால் வியாபாரம், சண்டை நடிப்பு எல்லாம் பார்த்துவிட்டு 1956-ல் தயாரிப்பாளர் ஆனவர்.

இன்றைக்கு லொகேஷன் வேலையை மட்டும் எடுத்துக்கொள்வோம். இயக்குநருக்குச் சோழவந்தான் பக்கம் வயலை ஒட்டிய ஓட்டு வீடு பிடித்துவிட்டது. வாடகை பேசி அட்வான்ஸும் கொடுத்தாயிற்று. படப்பிடிப்பு அன்று காலை வீட்டுக்காரரின் தம்பி வாசலில் வந்து நிற்கிறார்: "கூட்டுப் பட்டா சார், என்னைக் கேட்டீங்களா?" வயல் பக்கம் போனால் அங்கே இன்னொரு சிக்கல். பணம் வாங்கியவர் நிலத்துக்காரர், பயிர் வைத்திருப்பவர் குத்தகைக்காரர். பஞ்சாயத்து முடிகிற வரை நூறு பேர் சும்மா உட்கார்ந்திருப்பார்கள், பேட்டா (தினப்படி) மட்டும் நிற்காது. பத்திர ஆபீஸில் இருந்தவர் என்றால் அட்வான்ஸுக்கு முன்பே பட்டாவில் எத்தனை பெயர் என்று பார்த்து, அத்தனை பேரிடமும் கையெழுத்து வாங்கியிருப்பார். விவசாய வீட்டுப் பிள்ளை இன்னொன்றும் கேட்பார்: இது எப்ப நட்டது? பச்சை வயலில் பாதி சீனை எடுத்துவிட்டு, நடிகரின் கால்ஷீட்டுக்காகக் காத்திருந்து மூன்று மாதம் கழித்து வந்தால் அங்கே அறுத்த தாள்தான் இருக்கும். கன்டினியூட்டி (காட்சித் தொடர்ச்சி) போச்சு.

அனுமதிக் கடிதமும் அப்படித்தான். சமணர் மலை மத்திய தொல்லியல் துறையிடம், நாயக்கர் மகால் மாநிலத் தொல்லியல் துறையிடம். ஒன்றில் வாங்கியது இன்னொன்றில் செல்லாது. காட்சியில் ஜல்லிக்கட்டுக் காளை வந்தால் விலங்குகள் நல வாரியத்தின் முன் அனுமதி வேண்டும். பிறகு அவர்களின் தடையின்மைச் சான்று இல்லாமல் சென்சாரில் படம் நகராது.

மண்டபச் சமையல் எடுத்தவருக்கு 120 பேருக்கான இலைக்கணக்கு விரல் நுனியில் இருக்கும். அதைவிட முக்கியம், பஞ்சாங்கம் தெரியும். முகூர்த்த நாளில் ஷெட்யூல் போட்டால் வேன் கிடைக்காது, சமையல் ஆள் கிடைக்காது, ரூம் கிடைத்தாலும் விலை ஏறியிருக்கும். சித்திரைத் திருவிழா சமயத்தில் மாசி வீதிப் பக்கம் கேமராவே வைக்க முடியாது. அழகருக்காக அணையில் தண்ணீர் திறந்தால், நீங்கள் பார்த்துவைத்த வைகை மணல் திட்டு மறைந்துவிடும். மைக்செட் கட்டியவருக்குத் தெரிந்தது வேறு. நடிக்கும்போதே குரலைப் பதிவு செய்கிற லைவ் சவுண்டுக்காக ஜெனரேட்டரைத் தள்ளி நிறுத்தும்போது கேபிள் நீளும். அதற்கேற்ற தடிமன் இல்லையென்றால் வோல்டேஜ் இறங்கும், கேபிள் சுடும்.

கணக்குதான் பெரும்பாலான புதுத் தயாரிப்பாளர்களைக் கவிழ்க்கிறது. ஒரே நாளில் ஒருவருக்கு 10,000 ரூபாய்க்கு மேல் ரொக்கமாகக் கொடுத்தால் வருமான வரியில் அதைச் செலவாக ஏற்க மாட்டார்கள். லாரி வாடகைக்கு மட்டும் 35,000 வரை விடுவார்கள். வவுச்சர் அன்றன்றைக்கே எழுதி, அன்றைய காட்சி எண்ணைக் குறிக்க வேண்டும். வாரக் கடைசியில் உட்கார்ந்து எழுதினால் டீசல் கணக்கு ஒருநாளும் நேராகாது. 2 கோடி ஃபைனான்ஸ், மாதம் 2 வட்டி என்று வைத்துக்கொள்ளுங்கள். ரிலீஸ் 6 மாதம் தள்ளினால் வட்டி மட்டும் 24 லட்சம். மதுரை-ராமநாதபுரம் விநியோக ஏரியாவை எம்.ஜி.க்கு (வசூல் எப்படி இருந்தாலும் விநியோகஸ்தர் தருகிற உறுதித் தொகை) விற்கிறோமா, கமிஷனுக்கு (வசூலில் அவர் பங்கு போக மீதி நமக்கு) கொடுக்கிறோமா என்ற முடிவுகூட இந்த வட்டி தரும் நெருக்கடியில்தான் தப்பாக எடுக்கப்படுகிறது.

சீரியல் வேறு உலகம். அரை மணி நேரத்தில் விளம்பரம் போக 22 நிமிடம் போலத்தான் கதை, ஆனால் அதை வாரம் முழுக்க நிற்காமல் கொடுக்க வேண்டும். சேனல் பணம் ஒளிபரப்புக்குப் பிறகு மெதுவாக வரும், பேட்டா தினமும் போகும். கீழமாசி வீதியில் மொத்த வியாபாரம் பார்த்து, கடனைச் சுழற்றிப் பழகியவர்கள் இதில் தடுமாற மாட்டார்கள்.

அதனால் நிலத்தை விற்றுவிட்டுக் கோடம்பாக்கம் போகாதீர்கள். முதலில் லொகேஷன் மேனேஜரிடம் சேருங்கள். அங்கிருந்து புரொடக்ஷன் மேனேஜர், பிறகு படப்பிடிப்பின் மொத்தச் செலவையும் நடத்துகிற லைன் புரொடியூசர். சொந்தப் பணம் போடுவதெல்லாம் அதற்கப்புறம். ஊருக்கு யூனிட் வந்தால் தயாரிப்பு நிர்வாகியிடம் "சான்ஸ் கொடுங்கண்ணே" என்று நிற்காதீர்கள். "அண்ணே, 120 பேருக்கு மூணு வேளைச் சாப்பாடு, எட்டு வேன், ஒரு ஜெனரேட்டர், பத்து நாளைக்கு இதுதான் கணக்கு" என்று பேப்பரை நீட்டுங்கள். எங்கே மழை வந்தால் எந்த நாளை மாற்றலாம் என்பதையும் ஓரத்தில் எழுதிவையுங்கள். அவர் முதலில் அந்த ஓரத்தைத்தான் படிப்பார்.