ஈயம் பூசாத பித்தளையில் பழம் வேகவைக்க வேண்டாம்

கிறிஸ்துமஸுக்கு அன்னாசி, ஆப்பிளைப் பட்டை, கிராம்போடு மணிக்கணக்கில் வேகவைக்கும் இனிப்புக்கு ஈயம் (காரீயம் அல்ல, வெள்ளீயம்) பூசாத பித்தளைப் பாத்திரமே போதும், தீ குறைவாக இருந்தால் உலோகம் கலக்காது என்று மேலே ஒருவர் எழுதியிருக்கிறார். வேலூர் நண்பர்கள் பலர் அதைப் பகிர்வதால் சொல்கிறேன்: அது சரியல்லங்க.

பித்தளை என்பது செம்பும் துத்தநாகமும் சேர்ந்தது. புளிப்பான பழச்சாறு இரண்டையும் கரைக்கும். தீயைக் குறைத்து நேரத்தை நீட்டினால், சாறு பாத்திரத்தில் கிடக்கும் நேரம்தான் கூடுகிறது. செம்பு அதிகமாகச் சேர்ந்தால் குமட்டல், வாந்தி, வயிற்றுவலி வரும். குழந்தைகள் ஆசையாகக் கேட்டுச் சாப்பிடும் பண்டம் இது.

நம்ப வேண்டாம், நீங்களே பாருங்கள். கறுத்த பித்தளைச் சொம்பில் எலுமிச்சை மூடியைத் தேயுங்கள். தேய்த்த இடம் பளிச்சென்று ஆகும். அங்கே படிந்திருந்தது சாற்றில் கரைந்துவிட்டது. புளி போட்டு விளக்குவதும் இதே கதைதான். அப்புறம், ஆம்பூர், வாணியம்பாடிப் பக்கம் செம்பு அண்டாவில் பிரியாணி செய்கிறவர்களிடம் உள்பக்கத்தைக் காட்டச் சொல்லுங்கள். வெள்ளையாக ஈயம் பூசியிருக்கும். அது தேய்ந்து அடியில் உலோகம் தெரிந்தால் மறுபடி பூசிவிட்டுத்தான் அடுப்பேற்றுவார்கள்.

அடிகனமான எவர்சில்வர் பாத்திரம் இருந்தால் அதிலேயே செய்யுங்கள், ருசி குறையாது.