கணக்குப் பார்க்காதே

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, திருச்சபையில் முழு உறுப்பினராகச் சேருமுன் பிள்ளைகளுக்கு நடக்கும் திடப்படுத்தல் வகுப்பு முடிந்து வந்த தம்பி மகள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு திண்ணையில் உட்கார்ந்திருந்தாள். வயது பதினான்கு. என்னவென்று கேட்டேன். எரிகோவில் இயேசு பார்வை கொடுத்தது ஒரு குருடனுக்கா, இரண்டு பேருக்கா என்று வகுப்பில் கேட்டிருக்கிறாள். மாற்கு சுவிசேஷத்தில் பர்திமேயு என்ற ஒருவன்தான் வருகிறான். மத்தேயுவில் பெயரில்லாத இரண்டு பேர். பாடம் எடுத்தவர் புத்தகத்தை மூடிவிட்டு, "வேதத்தை விசுவாசத்தோடு வாசி, கணக்குப் பார்க்காதே" என்று சொல்லியிருக்கிறார். மற்றப் பிள்ளைகள் சிரித்திருக்கிறார்கள்.

அவள் எந்தக் குருடனைப் பற்றியும் விதண்டாவாதம் செய்யவில்லை. இரண்டு சுவிசேஷங்களையும் உண்மையாகவே வாசித்திருக்கிறாள், அவ்வளவுதான். அந்த வகுப்பில் இரண்டையும் வாசித்துவிட்டு வந்த ஒரே ஆள் அவளாகத்தான் இருக்கும் என்று பந்தயம் கட்டத் தயார். (பந்தயம் கட்டுவது தவறு என்று யாரும் கருத்துப் பெட்டியில் வர வேண்டாம்.)

புதிய ஏற்பாட்டில், அப்போஸ்தலருடைய நடபடிகள் பதினேழாம் அதிகாரத்தில் பெரோயா பட்டணத்தார் வருகிறார்கள். அப்போஸ்தலனாகிய பவுலே வந்து பிரசங்கித்தும், காரியங்கள் இப்படியிருக்கிறதா என்று தினந்தோறும் வேதவாக்கியங்களைப் புரட்டிச் சரிபார்த்தவர்கள் அவர்கள். அதற்காக அவர்களை யாரும் அவிசுவாசிகள் என்று சொல்லவில்லை. ஆராய்ந்து பார்த்ததினால் தெசலோனிக்கேயாரைவிட அவர்கள் "நற்குணசாலிகளாயிருந்தார்கள்" என்று நம் பழைய மொழிபெயர்ப்பு சொல்கிறது. கிரேக்கத்தில் அந்த இடத்தில் இருக்கும் சொல்லுக்கு உயர்ந்த குலத்தில் பிறந்தவர் என்பது நேர்ப்பொருள். தமிழில் குலம் போய்க் குணம் வந்து நிற்கிறது. விசுவாசம், படிப்பு, நடத்தை மூன்றும் ஒரே வசனத்தில் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டிருக்கின்றன. நம் சபைகளில் அவற்றை மூன்று தனித்தனி அறைகளில் பூட்டி வைத்திருக்கிறோம்.

படிப்பு என்றால் நமக்கு மதிப்பெண். பொதுத்தேர்வுக்கு முந்தின ஞாயிறு, பிள்ளைகள் பேனாவும் ஹால் டிக்கெட்டுமாக வரிசையில் நிற்க, சபைப் போதகரான ஐயர் தலையில் கை வைத்து ஜெபிக்கிறார். அது நல்லதுதான், என் பிள்ளைகளும் நின்றிருக்கிறார்கள். ஆனால் அதே பிள்ளை அடுத்த வாரம் வேதத்தில் ஒரு சந்தேகம் கேட்டால் அதற்கு மட்டும் பின்மாற்றம், அதாவது விசுவாசத்தை விட்டு வழுவுதல், என்று பெயர் வைக்கிறோம்.

இந்த மண்ணில் இது இப்படித் தொடங்கவில்லை. 1706-இல் டேனிஷ்காரர் வசமிருந்த தரங்கம்பாடியில் வந்து இறங்கிய ஜெர்மன் மிஷனரி சீகன்பால்கு, திண்ணைப் பள்ளிப் பிள்ளைகளோடு தரையில் உட்கார்ந்து மணலில் விரலால் எழுதித் தமிழ் படித்தவர். வந்த மறு ஆண்டே பெண் பிள்ளைகளுக்குப் பள்ளி வைத்தார். 1708-இல் புதிய ஏற்பாட்டைத் தமிழாக்க உட்கார்ந்தார். அதே ஆண்டு, கடன் வழக்கு ஒன்றில் ஓர் ஏழை விதவைக்காகப் பேசப் போய், டேனிஷ் கோட்டைத் தளபதியின் கோபத்துக்கு ஆளாகி நான்கு மாதம் சிறையில் கிடந்தார். மொழிபெயர்ப்பு முக்கியம், விதவையின் வழக்கு நமக்கெதற்கு என்று அவர் ஒதுங்கியிருக்கலாம். நம்மில் பெரும்பாலோர் அதைத்தான் செய்திருப்போம், ஊழியத்துக்கு இடறல் வரக்கூடாது என்று ஒரு காரணமும் சொல்லியிருப்போம்.

படித்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்றும் நான் சொல்லவில்லை. தஞ்சை வேதநாயக சாஸ்திரியாரின் கீர்த்தனைகள் இல்லாமல் நமக்கு ஆராதனையே கிடையாது. ஜெர்மன் மிஷனரி சுவார்ட்ஸ் ஐயர் அழைத்துப் போய் வளர்த்துப் படிக்க வைத்த பிள்ளை அவர். தமிழும் சங்கீதமும் வேதமும் அவருக்குத் தண்ணீர் பட்ட பாடு. அப்பேர்ப்பட்டவர்தான், கோவிலில் சாதி பார்த்துத் தனித்தனியே உட்காரக்கூடாது என்று புதிய மிஷனரிகள் சொன்னபோது, அந்த வழக்கத்துக்காக வரிந்துகட்டிக்கொண்டு எழுதினார். 1833-இல் பேராயர் டேனியல் வில்சன் சபைக்குள் சாதி வேறுபாடே கூடாது என்று உத்தரவிட்டதும், தஞ்சையில் பலர் சபையை விட்டே விலகினார்கள். சாஸ்திரியாரைக் குறைசொல்ல எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது? இன்று நம் சபைப் பத்திரிகைகளின் மணமக்கள் பகுதியைப் பாருங்கள். முதுகலைப் பட்டம், வெளிநாட்டு வேலை, மறுபடி பிறந்த அனுபவம், அதற்குப் பக்கத்திலேயே சாதி. பெரோயாவில் குலம் போனது. நம் விளம்பரத்தில் பத்திரமாக இருக்கிறது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இரண்டு வருடம் முன்பு, ஆராதனை முடிந்து வெளியே வரும்போது வாசலில் ஒரு பெயின்டர் நின்றிருந்தார். கையில் நான்காக மடித்த சீட்டு. எங்கள் சபையில் பெயருக்குப் பின்னால் மூன்று பட்டம் போடும் ஒருவர் வீட்டில் வேலை முடித்துவிட்டு, பாக்கிக் கூலிக்கு மாதக்கணக்காக அலைந்துகொண்டிருந்தார். நம்மவர் வேதாகமத்தை அக்குளில் இடுக்கிக்கொண்டு, "ஓய்வுநாளில் கணக்கு வழக்குப் பேசுவதில்லை தம்பி" என்றார். சாந்தமாகத்தான் சொன்னார். பெயின்டர் சீட்டைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு போனார். பக்கத்தில் நின்ற நானும் வாய் திறக்கவில்லை. அசனத்துக்கு, அதாவது சபை விருந்துக்கு, எத்தனை மூட்டை அரிசி என்ற பேச்சில் கலந்துகொண்டேன்.

என் ஆச்சி மிஷன் பெண்கள் பள்ளியில் ஐந்தாம் வகுப்பு வரை படித்தவள். விரல் வைத்துத்தான் வாசிப்பாள், உதடு அசையும். அவளுடைய பெரிய எழுத்து வேதாகமம் இப்போது என்னிடம் இருக்கிறது. வெளிப்படுத்தின விசேஷம் முடிந்தபின் வரும் வெற்றுத் தாள் முழுக்கப் பென்சிலால் கடன் கணக்கு. பலசரக்குக் கடை ஒன்றே கால் ரூபாய். பால்காரிக்கு எட்டணா. தறிக்காரர் இரண்டு ரூபாய். கொடுத்து முடித்ததையெல்லாம் குறுக்கே கோடிழுத்து அடித்திருக்கிறாள். இதையா வேதத்தில் எழுதுவது என்று சின்ன வயதில் கேட்டிருக்கிறேன். "வேறே எங்கே எழுதினாலும் மறந்துபோகும். இதை நான் தினம் திறக்க வேண்டுமே" என்றாள். அந்தத் தாளில் கோடு விழாத வரி ஒன்றுகூட இல்லை.

அந்த வேதாகமத்தைத்தான் போன வாரம் தம்பி மகளோடு உட்கார்ந்து திறந்தேன். மாற்கு பத்து, மத்தேயு இருபது, லூக்கா பதினெட்டு. நோட்டில் மூன்று பத்தி பிரித்துக்கொண்டாள். சிக்கல் கூடிற்றே தவிரக் குறையவில்லை. மாற்கிலும் மத்தேயுவிலும் எரிகோவை விட்டுப் புறப்படும்போது நடக்கிறது, லூக்காவில் எரிகோவுக்குச் சமீபமாய் வரும்போதே நடந்துவிடுகிறது. உரையாசிரியர்கள் சொல்லும் விளக்கங்கள் இரண்டொன்றைச் சொன்னேன். பழைய எரிகோ, புதிய எரிகோ என்று இரண்டு இருந்தது என்பது ஒன்று. அவள் அதை எழுதிக்கொண்டாள், ஆனால் நம்பியதாகத் தெரியவில்லை. எனக்கும் அது முழுத் திருப்தி இல்லை என்று சொல்லிவிட்டேன்.

கொஞ்ச நேரம் பென்சிலைக் கடித்துக்கொண்டிருந்தாள். பிறகு மூன்று பத்திக்கும் குறுக்காக ஒரே சொல்லை எழுதி அடிக்கோடிட்டாள்.

"ஒன்று மட்டும் மூன்றிலும் ஒத்துப்போகிறது பெரியப்பா. கூப்பிட்டவனைப் பேசாதே என்று கூட்டம் அதட்டுகிறது."