அவன், அவர், கிர்யூ

2024 பிப்ரவரியில் ஒரு நாள் ராத்திரி நண்பனிடம் போனில் பேசிக்கொண்டிருந்தேன். "அவருக்குப் புற்றுநோய்டா. தலையெல்லாம் நரைச்சுப் போச்சு. பார்க்கவே கஷ்டமா இருக்கு" என்றேன். அவன் பதறிவிட்டான். "யாருக்குடா? அப்பாவுக்கா?" கிர்யூவுக்கு என்றதும் பெருமூச்சு விட்டான். கொஞ்ச நேரம் கழித்து, "எனக்கும் அந்த இடம் வந்தப்போ மனசு ஒரு மாதிரி ஆயிடுச்சு" என்றான்.

போனை வைத்த பிறகு என் மனதில் நின்றது 'அவருக்கு' என்று நான் சொன்னதுதான். கிர்யூ ஒரு வீடியோ கேம் நாயகன். 2018-ல் இதே ஆளை 'அவன்' என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தேன். தமிழில் இது ஒரு பெரிய விஷயம். ஒருவரைப் பற்றி ஒரு வாக்கியம் பேசுவதற்குள் அவர் வயதை நாம் முடிவு செய்துவிட வேண்டும். நான் எப்போது முடிவை மாற்றினேன் என்று யோசிக்கப் போய்த்தான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளம். கதைத் திருப்பங்களும் சில வரும், இன்னும் ஆடாதவர்கள் பார்த்துக்கொள்ளுங்கள்.

தெரியாதவர்களுக்கு இரண்டு வரி. 2005 டிசம்பரில் செகா நிறுவனம் பிளேஸ்டேஷன் 2-க்கு 'ரியூ கா கோதோகு' என்ற வீடியோ கேமை வெளியிட்டது. 'டிராகனைப் போல' என்று பொருள். ஜப்பானுக்கு வெளியே நெடுநாள் 'யாகுசா' என்ற பெயரில் விற்றார்கள். ஜப்பானியக் குற்றக் கும்பல்காரர்களை அப்படித்தான் சொல்வார்கள். நாயகன் கிர்யூ கஸுமா. முதுகு நிறையப் பச்சை குத்திய டிராகன், சாம்பல் நிற சூட், உள்ளே கருஞ்சிவப்புச் சட்டை. களம், டோக்கியோவின் கபுக்கிச்சோவைப் பார்த்து வரைந்த கமுரோச்சோ என்ற கற்பனைப் பேட்டை. கிர்யூ பிறந்தது 1968 ஜூன் 17.

அந்தத் தேதி சும்மா அலங்காரத்துக்கு வைத்ததல்ல. பெரும்பாலும் கேம் வெளியாகும் காலத்திலேயே கதையும் நடக்கும். அதனால் நாட்காட்டி கிர்யூவையும் விடுவதில்லை. 2005-ல் 37 வயது. அடுத்த வருடம் 38. ஒகினாவாவில் அனாதை இல்லம் நடத்தும் 2009-ல் 40. ஃபுகுவோகாவில் வேறு பெயரில் டாக்சி ஓட்டும் 2012-ல் 44. 2016-ல் 48. ஹவாய்க்குப் போகும் 2023-ல் 55. நடுவில் 2015-ல் வந்த 'ஜீரோ' மட்டும் பின்னோக்கிப் போய் 1988-ல் நிற்கிறது. அதில் 20.

இது எவ்வளவு அபூர்வம் என்று பாருங்கள். மரியோவுக்கு இருபத்து நாலு, இருபத்தைந்து இருக்கும் என்று அவரை உருவாக்கிய மியாமோட்டோவே சொல்லியிருக்கிறார். நாற்பது வருடமாக அதே வயது. நம் வீட்டுப் பிள்ளைகள் தமிழில் பார்த்து வளர்ந்த ஷின்-சானுக்கு என்றைக்கும் ஐந்து வயது. ஜப்பானில் 1969-லிருந்து வாராவாரம் ஓடும் 'சசாயே-சான்' குடும்பத்தில் யாருக்குமே பிறந்தநாள் பலிப்பதில்லை. அதில் ஒரு தவறும் இல்லை, அந்த வகைக் கதைக்கு அது வேண்டும். ஆனால் அப்படிப்பட்ட ஊரிலிருந்து ஒரு நாயகன் வருடம் தவறாமல் ஒரு வயது கூடிக்கொண்டே வருகிறான் என்றால், அது யாரோ உட்கார்ந்து எடுத்த முடிவு. அந்த முடிவை நான் மதிக்கிறேன்.

நான் வெளியான வரிசையில் ஆடவில்லை. 2018-ல் 'ஜீரோ' கணினிக்கு வந்ததும் அதில்தான் நுழைந்தேன். எனக்கு 31, கிர்யூவுக்கு 20. கோபம் வந்தால் முகம் சிவக்கும், பெரியவர்கள் பேசும்போது குறுக்கே பேசத் தெரியாமல் முழிப்பான். 'தம்பி, நிதானம்' என்று சொல்லத் தோன்றும். 2019-ல் முதல் கேமின் மறு ஆக்கமான 'கிவாமி'யைத் தொடங்கினேன். செய்யாத கொலையைத் தன் தலையில் போட்டுக்கொண்டு பத்து வருடம் சிறையில் இருந்துவிட்டு வெளியே வருகிறான். 37 வயது. ஒரே வருடத்தில் என்னைத் தாண்டிப் போய்விட்டான்! அதற்குப் பிறகு நான் பிடிக்கவே முடியவில்லை.

தாண்டிப் போனது அவன் மட்டுமில்லை. கூடவே ஊரும் போனது. 'ஜீரோ'வில் எல்லாச் சண்டையும் ஒரு துண்டு நிலத்துக்காக. ஒரு த்சுபோ, அதாவது சுமார் 3.3 சதுர மீட்டர். இரண்டு பாய் விரித்தால் முடிந்தது. ஜப்பானில் நிலவிலை கண்மண் தெரியாமல் ஏறிய காலம் அது. ஒருவனை அடித்தால் அவன் சட்டையிலிருந்து யென் நோட்டுகள் பறக்கும். 2005-க்கு வந்து பார்த்தால் அந்த இடத்தில் மில்லேனியம் டவர் நிற்கிறது. முன்பு பேஜர் வைத்திருந்தவர்கள் கையில் இப்போது மடக்கும் போன், ஆறாவது கேமில் ஸ்மார்ட்போன். தெருக்கள் அதே தெருக்கள். கண்ணை மூடிக்கொண்டு திரும்பினாலும் தியேட்டர் சதுக்கம் வந்துவிடும். பழகிய ஊருக்குப் பல வருடம் கழித்துப் போனால் கால் வழியை மறக்காது, கண் மட்டும் கடைகளைத் தேடும் இல்லையா, அப்படியேதான்.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது பொம்மைக் கார் பந்தயத் தளம். 1988-ல் அங்கே சின்னப் பையன்கள் கூடி, பேட்டரியில் ஓடும் குட்டிக் கார்களை ஓட்டுவார்கள். அந்த இடத்தை நடத்தும் இளைஞன் ஒருவன், வீரனைப் போல உடை போட்டுக்கொண்டு அவர்களுக்கு உற்சாகம் கொடுப்பான். 20 வயது யாகுசாவான கிர்யூ அந்தப் பிள்ளைகளோடு குனிந்து நின்று டயர் மாற்றுவான். 'கிவாமி'யில் 17 வருடம் கழித்து அங்கே போனால் அதே ஆள் இருக்கிறார், வயது கூடி. அன்றைய பிள்ளைகள் வேலை, கவலை என்று வளர்ந்த ஆட்களாகத் திரும்பி வருகிறார்கள். கதைக்கு இது தேவையே இல்லை. தவறவிட்டாலும் கேம் முடியும். ஆனால் ஒரு நாயகனுக்கு வயது ஏறியதை நான் நம்பியது அங்கேதான். நரை போட்டால் வயதாகிவிடாது. அவனைச் சின்ன வயதில் பார்த்த யாராவது எதிரே வந்து நிற்க வேண்டும்.

கிர்யூ எடுத்து வளர்த்த ஹருக்காவும் அப்படித்தான். 2005-ல் ஒன்பது வயதுச் சிறுமியாகக் கிர்யூவின் கையைப் பிடித்து நடந்தவள். 2009-ல் ஒகினாவா இல்லத்தில் அவளோடு சேர்த்து ஒன்பது குழந்தைகள். ஐந்தாவது கேமில் மேடையில் பாடி ஆடுகிறாள். ஆறாவதில் அவள் விபத்தில் நினைவிழந்து கிடக்க, அவளுடைய கைக்குழந்தை ஹருட்டோ கிர்யூவின் கைக்கு வருகிறான்.

ஆறாவது கேமை 2021-ல் ஆடினேன். மகள் பிறந்து ஏழு மாதம். ஊரடங்கு நாட்கள், வீட்டில் தூளி கட்டியிருந்தோம். ராத்திரி என் முறை வரும்போது நாற்காலியைத் தூளிக்குப் பக்கத்தில் போட்டு, கயிற்றைக் கால் கட்டைவிரலில் மாட்டிக்கொள்வேன். கை கண்ட்ரோலரில், கால் தூளியில், ஹெட்போன் ஒரு காதில் மட்டும். ஒனோமிச்சி என்ற கடலோர ஊரில் 48 வயது மனிதர் ஒருவர் அழும் குழந்தையை மார்பில் போட்டுத் தேற்றுகிறார். அதை ஒரு சின்ன விளையாட்டாகவே வைத்திருந்தார்கள், குழந்தையை நாம்தான் சமாதானம் செய்ய வேண்டும். திரையில் ஹருட்டோ அடங்கினான், தூளியில் இவள் சிணுங்கத் தொடங்கினாள். கயிற்றை இழுத்தேன். இரண்டு பேரும் தூங்கிய பிறகும் நான் அடுத்த பணிக்குப் போகவில்லை, அந்த மனிதரை அப்படியே நிற்க வைத்திருந்தேன்.

மறுநாள் மனைவியிடம் "பாவம், இந்த வயசுல அவரு குழந்தையைத் தூக்கிட்டு அலையறாரு" என்று சொன்னதாக ஞாபகம். மாறியது அங்கேதான் என்று நினைக்கிறேன்.

சரி, குறையும் இருக்கிறது, சொல்லாமல் விட்டால் நியாயமில்லை. 37 முகத்துக்கும் 48 முகத்துக்கும் பெரிய வித்தியாசம் கிடையாது. 20 வயதுக் கிர்யூவைப் பார்த்தால் முப்பத்தைந்து சொல்லலாம். ஜப்பானிய மொழியில் எல்லா வயதுக்கும் ஒரே குரல், டகாயா குரோடாவுடையது. 1965-ல் பிறந்தவர், 'ஜீரோ' வெளியானபோது ஐம்பதைத் தொட்டுக்கொண்டிருந்தார். அந்தக் கனத்த குரலில் இருபது வயதின் பதற்றம் எங்கிருந்து வரும்? அப்புறம் சண்டை. 48 வயதிலும் சைக்கிளைத் தூக்கி அடிக்கிறார், மூச்சு வாங்குவதில்லை.

இந்த இடத்தில் மெட்டல் கியர் தொடரின் ஸ்னேக்கை நினைக்காமல் இருக்க முடியாது. 2008-ல் வந்த நான்காவது பாகத்தில் அவர் வயோதிகர். நெடுநேரம் குனிந்திருக்க வைத்தால் இடுப்பைப் பிடித்துக்கொள்வார். அந்த வலியைப் பார்த்து நான் அவரை எழுப்பி நிற்க வைத்திருக்கிறேன். முதுமை ஆடுகிறவனின் கைக்கே வந்துவிடுகிறது, பிரமாதமான வேலை. ஆனால் ஸ்னேக்குக்கு உண்மையில் 42 வயதுதான். ஆய்வகத்தில் நகலெடுத்துப் பிறந்தவர் என்பதால் உடல் வேகமாக மூப்படைகிறது என்று ஒரு காரணம் சொல்லித்தான் அந்த முதுமையைக் கொண்டுவர முடிந்தது. கிர்யூவுக்கு அப்படி எந்தக் காரணமும் தேவைப்படவில்லை. வருடங்கள் போயின, வயதானது. எனக்கு இதுதான் பெரிது.

இன்னொன்றையும் இத்தோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். நிஜ யாகுசாவுக்கே வயதாகிவிட்டது. 2011-க்குள் ஜப்பானின் எல்லா மாகாணங்களிலும் அவர்களை ஒதுக்கிவைக்கும் சட்டவிதிகள் வந்துவிட்டன. கும்பலை விட்டு விலகியவருக்கும் ஐந்து வருடம் வரை வங்கிக் கணக்கு கிடைப்பது கஷ்டம். இளைஞர்கள் சேர்வதில்லை. மிச்சமிருப்பவர்களில் பாதிக்கு மேல் ஐம்பதைத் தாண்டியவர்கள். நாட்டிலேயே நூற்றுக்கு இருபத்தொன்பது பேர் 65 வயதோ அதற்கு மேலோ. இப்படிப்பட்ட இடத்தில் 25 வயதிலேயே உறைந்த ஒரு யாகுசா நாயகனை உலவ விட்டிருந்தால் அது பொய்யாக இருந்திருக்கும்.

2020-ல் அவர்கள் புதிய நாயகனைக் கொண்டுவந்தார்கள். இச்சிபான் கசுகா. வயது என்ன தெரியுமா? 42! பதினெட்டு வருடம் சிறையில் கழித்துவிட்டு வெளியே வந்தவன். கூட்டாளிகளில் ஒருவர் அறுபதை நெருங்கும் முன்னாள் போலீஸ். பழையவரை மாற்றுகிறோம் என்று சொல்லி ஒரு சின்னப் பையனைக் கொண்டுவரவில்லை.

ஆறாவதிலேயே கிர்யூவுக்கு விடைகொடுத்துவிட்டார்கள். உலகத்தின் கண்ணுக்கு அவர் இறந்தவர். அதனால் மறுபடி அழைத்து வந்தபோது எனக்குக் கோபம்தான் வந்தது, ஒரு நல்ல முடிவைக் காசுக்காகக் கெடுக்கிறார்கள் என்று. 2024-ல் வந்த எட்டாவது பாகம் அந்தக் கோபத்தை ஆற்றிவிட்டது. அதில் அவர் இறுதிக் குறிப்பேடு ஒன்றைத் தொடங்குகிறார். ஜப்பானில் வயதானவர்கள் நிஜமாகவே எழுதும் வழக்கம் இது, போவதற்கு முன் செய்ய வேண்டியவை, சொல்ல வேண்டியவை. தெருவில் நடக்கும்போது ஓர் இடத்தில் நின்றால் பழைய ஞாபகம் ஒன்று வரும், அது குறிப்பேட்டில் ஏறும். அப்படிச் சேரும் நினைவுகள்தான் சண்டையில் அவருக்குப் பலம். வயதைக் கேமின் இயக்கத்துக்குள் கொண்டுவர இடுப்புவலியைத் தவிர இப்படியும் ஒரு வழி இருக்கிறது என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன்.

அதிலேயே இன்னொரு பகுதி. அவர் இறந்துவிட்டதாக ஊர் நம்புவதால் யார் முன்னாலும் போக முடியாது. துப்பறிவாளர் டாத்தே பழைய ஆட்களை ஒவ்வொருவராக அழைத்துப் பேச்சுக் கொடுக்கிறார். கிர்யூ பேச்சு காதில் விழும் தூரத்தில் மறைந்து உட்கார்ந்து, தன்னைப் பற்றி அவர்கள் சொல்வதைக் கேட்கிறார். பதில் சொல்ல முடியாது. எழுந்து போய்த் தோளைத் தொட முடியாது. முதல் தடவை அதைப் பார்த்தபோது கண்ட்ரோலரை மேசையில் வைத்துவிட்டேன்.

'அவரை மறுபடி இளைஞனாக்கி, பழையபடி சட்டையைக் கழற்றிச் சண்டை போட வையுங்கள்' என்று கேட்கும் நண்பர்களிடம் நான் சொல்வது இதுதான். இந்தக் காட்சியை 25 வயதுக்காரனுக்கு எழுத முடியாது. இதற்கு 2005 வேண்டும், 2009 வேண்டும், நடுவில் போன அத்தனை வருடமும் வேண்டும். அவற்றை நீங்களும் நானும் கூடவே வாழ்ந்திருக்கவும் வேண்டும். முகத்தை இன்னும் மூப்பாக வரையுங்கள், மூச்சு வாங்க விடுங்கள் என்று கேளுங்கள், நானும் கையெழுத்துப் போடுகிறேன்.

எட்டாவதை முடித்துவிட்டு, அதே வருடம் 'கிவாமி'யை மறுபடி எடுத்தேன். எனக்கு 37. சிறைக் கதவு திறந்தது, ஆள் வெளியே வந்தார், கமுரோச்சோவின் சிவப்பாக ஒளிரும் நுழைவு வளைவுக்குக் கீழே வந்து நின்றார். அவருக்கும் 37. என்னைத் தாண்டிப் போனவரோடு முதல் தடவையாக ஒரே வயதில் நிற்கிறேன். முதல் பணி காத்திருந்தது, நான் பொம்மைக் கார் பந்தயத் தளத்தைத் தேடிக்கொண்டு நடந்தேன்.

மகளுக்கு நாலு வயது ஆகப்போகிறது. மடியில் வந்து உட்கார்ந்து, "யாருப்பா இது?" என்றாள். மாமா என்பதா, தாத்தா என்பதா? அவளை மடியில் சரியாக நகர்த்தி உட்கார வைத்துவிட்டு, "கிர்யூ" என்றேன்.