எங்க அம்மா கையைக் காட்டினால் யாருக்கு அவமானம்?

ஞாயிற்றுக்கிழமை பண்ருட்டியில், முந்திரிக்கொட்டை உடைக்கிற நம் ஊர்ப் பெண்களைக் காட்டும் படத்தின் திரையிடலில் நடந்த கூத்து உங்களில் பலருக்குத் தெரியும். வீடியோவும் சுற்றிக்கொண்டிருக்கிறது. நான் அந்த மண்டபத்தில் இருந்தவன் என்பதால் சொல்கிறேன். படத்தை எடுத்த தம்பி நம் ஊரைக் கேவலப்படுத்தவில்லை. படத்தில் பொய் எதுவும் இல்லை.

முந்திரிக்கொட்டை உடைக்கிற பெண்களின் கையை ஏன் அவ்வளவு நேரம் காட்டினாய், வெளியூர்க்காரன் நம்மைப் பற்றி என்ன நினைப்பான் என்று ஒருவர் எழுந்து கத்தினார். பலர் கை தட்டினார்கள். எனக்கு வயிறு எரிந்தது.

என் அம்மா கொட்டை உடைத்தவர். ஓட்டில் இருக்கிற எண்ணெய் பட்டால் தோல் வெந்து உரியும். சாம்பலைத் தொட்டுத் தொட்டுத்தான் உடைப்பார். அப்படியும் விரலெல்லாம் கறுத்து, ரேகை தேய்ந்துவிட்டது. ரேஷன் கடை மிஷினில் விரல் வைத்தால் எடுக்காது, துடைத்துத் துடைத்து வைப்பார். பருப்பு முழுசாக வர வேண்டும், உடைந்தால் விலை போகாது என்று மேஸ்திரி கத்துவார். படத்தில் ஒரு அக்கா சோற்றில் கை வைக்கப் போய், கையைப் பார்த்துவிட்டுக் கரண்டியை எடுப்பாரே, அது நடிப்பு இல்லை. என் வீட்டில் தினமும் பார்த்தது.

விருதுக்காக வறுமையை விற்கிறான் என்கிறீர்கள். 2021இல் 'கூழாங்கல்' படம் ராட்டர்டாம் திரைப்பட விழாவில் டைகர் விருது வாங்கியபோது தமிழன் பெருமை என்று பதிவு போட்டவர்கள்தானே நீங்கள்? மதுரைப் பக்கத்து வறட்சியைக் காட்டினால் பெருமை, பண்ருட்டிக் கையைக் காட்டினால் அவமானமா? இவன் கேமராவை வாடகைக்கு எடுத்து, ஊர்க்காரர்களையே நடிக்க வைத்து எடுத்திருக்கிறான். தியேட்டர் கிடைக்காமல்தான் கல்யாண மண்டபத்தில் திரை கட்டினான். இதில் எதை விற்றான்?

பலாப்பழம், மாசி மகம் எல்லாம் கண்ணில் படவில்லையா என்று கேட்கிறீர்கள். அதைக் காட்டப் பல பேர் இருக்கிறார்கள்.

சரி, உள்ளதைப் பேசிவிடலாம். உங்கள் கோபம் கையைப் பார்த்து வந்ததே இல்லை. ஊர்த் தெருவில் தார் ரோடு முடிந்து காலனிக்கு மண் பாதை தொடங்குகிற இடம் ஒரே ஷாட்டில் வந்ததே, அங்கேதான் முணுமுணுப்பு ஆரம்பித்தது. அந்தப் பாதையில் நடந்து வளர்ந்தவன் நான். அதை வாய்விட்டுச் சொல்ல முடியாமல்தான் 'நம் பெண்கள்' என்று பேசினீர்கள். என்றைக்கு அவர்கள் உங்கள் பெண்களாக இருந்தார்கள்? 2011 டிசம்பர் 30இல் 'தானே' புயல் முந்திரித் தோப்புகளைச் சாய்த்தது. நிவாரணப் பேச்செல்லாம் மரத்துக்குத்தான். கொட்டையே வராமல் வேலை நின்றுபோன அம்மாவிடம் அடுப்பு எரிகிறதா என்று உங்களில் ஒருவராவது கேட்டீர்களா? அன்றைக்கு வராத ரோஷம் படம் பார்த்ததும் எங்கிருந்து வந்தது?

வீடியோ பரவிய பிறகு கடலூரில் அடுத்த திரையிடலுக்கு மண்டபம் தரத் தயங்குகிறார்கள். கடலூர், புதுச்சேரிப் பக்கம் இடம் வைத்திருப்பவர்கள் இன்பாக்ஸில் சொல்லுங்கள். நாற்காலி, ஸ்பீக்கர் நான் ஏற்பாடு செய்கிறேன். அம்மாவையும் அழைத்து வருகிறேன்.